உத்தரவு கையில் இருக்கிறது, அதிகாரி அசையவில்லை

கே: பட்டா மாறுதல் கேட்டு ஹைகோர்ட் போனேன். ‘மனுவைப் பரிசீலித்து 12 வாரத்தில் முடிவெடுக்க வேண்டும்’ என்று தீர்ப்பு வந்தது. தாசில்தார் மனுவையே தள்ளுபடி செய்துவிட்டார். அவமதிப்பு வழக்கு போடலாமா?

ப: போட்டால் நிற்காது. பட்டா கொடுக்கச் சொல்லி கோர்ட் உத்தரவிடவில்லையே. பரிசீலித்து ‘முடியாது’ என்று எழுதினாலும் அது உத்தரவை நிறைவேற்றியதுதான். அவமதிப்பு வழக்கில் பழைய உத்தரவில் இல்லாத புதுப் பரிகாரம் எதுவும் கிடைக்காது என்று உச்ச நீதிமன்றமும் 2014இல் (சுதிர் வாசுதேவா வழக்கு) சொல்லியிருக்கிறது. நிராகரிப்பை எதிர்த்து வருவாய்க் கோட்டாட்சியரிடம் (ஆர்.டி.ஓ.) மேல்முறையீடு செய்யுங்கள். ஆனால் ‘மனுதாரரை நேரில் விசாரித்து’ என்று தீர்ப்பில் இருந்து, உங்களைக் கூப்பிடவே இல்லை என்றால் கதை வேறு.

கே: கெடு முடிந்து எட்டு மாதம் ஆகிறது. இன்னும் பொறுக்கலாமா?

ப: வேண்டாம். நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 1971, பிரிவு 20 அவமதிப்பு வழக்குப் போட, கெடு முடிந்ததிலிருந்து ஓராண்டுதான் தருகிறது. நடுவில் நினைவூட்டல் கடிதம் எத்தனை போட்டாலும் அந்த ஓராண்டு நீளாது. கெடு எப்போது தொடங்கியது என்பதையும் பாருங்கள். பெரும்பாலான தீர்ப்புகளில் ‘உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து’ என்றுதான் இருக்கும். சான்றிட்ட நகலைத் தபாலில் அனுப்பியிருந்தால், அது போய்ச் சேர்ந்ததற்கு அத்தாட்சி இருக்கிறதா? நேரில் கொடுத்திருந்தால், உங்கள் பிரதியில் அந்த அலுவலகத் தபால் பிரிவின் முத்திரையும் தேதியும் இருக்கிறதா? ‘நகலே வரவில்லை’ என்ற ஒற்றை வரி பதிலில் படுத்துவிட்ட வழக்குகள் ஏராளம்.

கே: ‘அப்பீல் போட்டிருக்கிறோம்’ என்கிறார்கள்.

ப: சரி, தடை உத்தரவு வாங்கினார்களா என்று கேளுங்கள். அப்பீல் போட்டதே தடை ஆகிவிடாது. ஆனாலும் நடைமுறையில் நீதிபதிகள் ஒன்றிரண்டு வாய்தா தரத்தான் செய்வார்கள்.

கே: அதிகாரி ஜெயிலுக்குப் போவாரா?

ப: அதிகபட்சம் ஆறு மாதம் சாதாரணச் சிறை, 2,000 ரூபாய் அபராதம். மனதார மன்னிப்புக் கேட்டால் அதுவும் போகலாம். மகாராஷ்டிர அமைச்சர் சுவரூப் சிங் நாயக்குக்கும் ஒரு செயலாளருக்கும் 2006இல் உச்ச நீதிமன்றம் ஒரு மாதச் சிறை விதித்தது. அப்படி நடப்பது அபூர்வம். நோட்டீஸ் போனதும் தூங்கிய கோப்பு நகர்ந்து, அடுத்த வாய்தாவுக்கு ‘நிறைவேற்றிவிட்டோம்’ என்று அறிக்கை வருவதுதான் வழக்கம். உங்களுக்கு வேண்டியதும் அதுதானே? எடுத்ததற்கெல்லாம் அதிகாரிகளை நேரில் வரவழைக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2024இல் வழிமுறை வகுத்திருக்கிறது. கூண்டில் ஏற்றிப் பார்க்கும் ஆசையை விட்டுவிடுங்கள்.

கே: அந்த அதிகாரி மாற்றலாகிப் போய்விட்டார்.

ப: இப்போது அந்த நாற்காலியில் இருப்பவருக்கு முதலில் நகலை அனுப்புங்கள். தெரியாத உத்தரவை வேண்டுமென்றே மீறினார் என்று யார் மீதும் சொல்ல முடியாது. பிறகும் செய்யாவிட்டால், அவரைப் பெயர் குறிப்பிட்டே வழக்கில் சேர்த்துவிடுங்கள்.

கே: அவமதிப்பு மனு தள்ளுபடியானால் அப்பீல் உண்டா?

ப: பிரிவு 19இன்படி தண்டிக்கப்பட்டவருக்குத்தான் அந்த உரிமை. உங்களுக்கு இருப்பது, அரசியல் சட்டப் பிரிவு 136இன் கீழ் டெல்லி உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனு. செலவைக் கணக்குப் போட்டுவிட்டு இறங்குங்கள்.