வெளிச்சத்தின் இருமல் (கடிதம்)

அன்புள்ள சார்,

ஐடில வேலை பாத்துக்கிட்டே ஒரு ஃபேண்டஸி நாவல் எழுதிட்டு இருக்கேன். மலை உச்சில ஒரு நகரம், அங்க ஒரு பாடகர் குழு. விடியற்காலை வெளிச்சம் அவங்க மேல பட்டா அது இசையா மாறும். அதைப் படிச்ச நண்பர்கள் 'இது வெள்ளைக்காரன் கற்பனை, தமிழ்ல எடுபடாது'ங்கறாங்க. வாசகர்கள் ஏத்துப்பாங்களா? முன்னாடி ஒரு மேப் போடணுமா? மூணு பாகமா கொண்டு வரலாமா? ரெண்டு அத்தியாயம் இணைச்சிருக்கேன்.

கா.

அன்புள்ள கா.,

மேப் போடு, போடாம இரு, உன் இஷ்டம். மூணு பாகத்தைப் பத்தி முதல் பாகத்தை முடிச்சிட்டு பேசலாம். நண்பர்களுக்கு காபி வாங்கிக் குடு, நாவலை மட்டும் குடுக்காத.

வழக்கமா இந்த மாதிரி கடிதத்துக்கு ரெண்டு வரிதான் எழுதுவேன். ஆனா சமீபத்துல ஒரு மால்ல பழைய சினிமா புரொஜெக்டர் ஒண்ணுக்கு கருப்பு பெயின்ட் அடிச்சு ஷோபீஸா நிறுத்தியிருந்ததைப் பாத்தேன். சவுண்ட் ஹெட்டோட, அதாவது பிலிம்லேர்ந்து சத்தத்தை எடுக்கற பாகத்தோட, கதவு திறந்து கிடக்கு, உள்ள லேம்ப் இல்ல. ஜனங்க பக்கத்துல நின்னு செல்ஃபி எடுக்கறாங்க. அதுலேர்ந்து இதேதான் மண்டைக்குள்ள ஓடிட்டு இருக்கு.

வெள்ளைக்காரன் கற்பனையா? ஏம்பா, வெளிச்சத்தை பாட்டா மாத்தறது நம்ம ஊர் சினிமா கொட்டகைல தினம் சாயங்காலம் நடந்த வேலை. பிலிமோட ஓரத்துல சன்னமா ஒரு கோடு ஓடும், அதுதான் சவுண்ட் டிராக். சவுண்ட் ஹெட்டுக்குள்ள இருக்கற எக்சைட்டர் லேம்போட வெளிச்சம் ஒரு சின்ன இடுக்கு வழியா அந்தக் கோட்டுல விழும், கோடு அகலமாகி குறுகும்போது அந்தப் பக்கம் போற வெளிச்சம் கூடும் குறையும், போட்டோ செல் அதை கரண்டா மாத்தும், அப்புறம் ஆம்ப்ளிஃபயர், ஸ்பீக்கர். அவ்ளோதான். 1944ல வந்து மூணு தீபாவளி பாத்த ஹரிதாஸ்ல பாகவதர் பாடினாரே, கொட்டகைல ஜனங்க காதுக்கு வந்தது அந்தக் கோட்டைத் தாண்டி வந்த வெளிச்சம்தான்.

எங்க ஊர் டூரிங் டாக்கீஸ்ல ஆபரேட்டர் மாமா ஒருத்தர் இருந்தார். கேபின்ல கார்பன் புகை, வேர்வை, மூலைல ஒரு மண்பானை. படம் போடறதுக்கு முன்னாடி கிழிச்ச டிக்கெட் துண்டு ஒண்ணை அந்த எக்சைட்டர் லேம்ப் வெளிச்சத்துக்குக் குறுக்க ஆட்டுவார், வெளிய ஸ்பீக்கர்ல 'டப் டப்'னு கேக்கும், தரை டிக்கெட்ல உக்காந்திருக்கறவன் விசில் அடிப்பான். என்னையும் ஒரு தடவை ஆட்ட விட்டார். காகிதத்துல ஒரு சத்தமும் இல்ல, கொட்டகை முழுக்க இடிக்குது. அன்னிக்கு ராத்திரி நான் தூங்கல.

பிலிம்ல கீறல் இருந்தா பாட்டுல பொரியும். வெளிச்சம் வர்ற இடுக்கை அடைச்சுக்கிட்டு தூசி நின்னா குரல் மந்தமாயிடும், மாமா திட்டிக்கிட்டே பிரஷ்ஷால துடைப்பார். அந்த லேம்புக்கு சுத்தமான டிசி கரண்ட் வேணும், இல்லன்னா கதாநாயகி அழும்போது பின்னால 'ம்ம்ம்'னு ஒரு உறுமல் சேந்து வரும்.

இப்ப உன் அத்தியாயத்துக்கு வரேன். "கதிர் அவர்கள் நெற்றியைத் தீண்டியதும் இனிய இசை பிறந்தது." ரெண்டு அத்தியாயத்துல நாலு தடவை பிறக்குது. சிசேரியனா சுகப்பிரசவமா? என்ன இசை? யாரு சுருதி விட்டா? ஐப்பசி மாச மழைல ஒரு வாரம் வெயிலே வரலன்னா அந்தக் குழு என்ன பண்ணும், கூலி உண்டா? மேகம் குறுக்க வந்தா பாட்டு பாதில நிக்குமா? மாயம்னு சொல்லிட்டா எல்லாத்துக்கும் லீவு விட்டுடலாம்னு எவன் சொன்னது உனக்கு? கஷ்டமே படாத பாடகனை எனக்கு நிஜத்துலயே பிடிக்காது, கதைல எதுக்கு.

கிரஹாம் பெல் தெரியும்ல, டெலிபோன்காரர். 1880ல அவரும் அவரோட உதவியாளர் டெய்ன்டரும் சேந்து வாஷிங்டன்ல ஒரு கருவி செஞ்சாங்க, போட்டோஃபோன். பேசினா மெல்லிசான கண்ணாடி ஒண்ணு அதிரும், அதுல பட்டுத் தெறிக்கற வெயிலும் கூடவே நடுங்கும், தூரத்துல வெளிச்சத்துக்கு ஏத்த மாதிரி கரண்டை விடற செலீனியம் அதைப் பிடிச்சு திரும்ப பேச்சாக்கும். மேகம் வந்தா போச்சு, அது பரவலா புழக்கத்துக்கு வராததுக்கு அதுவும் ஒரு காரணம். ஆனா டெலிபோனை விட அதைத்தான் பெருசா நினைச்சார் மனுஷன். அப்பாவுக்கு எழுதின கடிதத்துல, சூரியக் கதிர் சிரிக்கறதையும் இருமறதையும் பாடறதையும் கேட்டேன்னு எழுதறார். கவனி, இருமறதையும்! உன் குழுவுல ஒருத்தனும் இருமலையே. மலை உச்சி, விடியக்காலை, அந்தக் குளிருக்கு ஒருத்தனுக்காவது சளி பிடிக்க வேணாமா?

கோச்சுக்காத. உனக்கு எழுத வருது, வரலன்னா இவ்ளோ திட்டிருக்க மாட்டேன். ரெண்டாவது அத்தியாயத்துல ஒரு கிழவர் குழு வர்றதுக்கு முன்னாடி மண்டபத்து ஜன்னல் கண்ணாடியை வேட்டி நுனியால துடைச்சிட்டுப் போறாரே, மொத்தமே ரெண்டு வரி, பேர்கூட வைக்கல நீ. அவர் யாரு? சரியா துடைக்கலன்னா அன்னிக்கு பாட்டு என்ன ஆகும்? அதை எழுதி அனுப்பு.