அம்மா முகத்தை மூடிக்கொள்ளும்போது

அன்புள்ள ஆலோசகர் அவர்களுக்கு,

மறதிநோய் கண்ட என் தாயாரோடு நாங்கள் கழிக்கும் நாட்களை மூன்று ஆண்டுகளாக ஆவணப்படமாகப் பதிவு செய்து வருகிறேன். தொடக்கத்தில் அவரே சிரித்துக்கொண்டு சம்மதித்தார். இப்போது சில நாட்களில் கேமராவைக் கண்டதும் கைகளால் முகத்தை மூடிக்கொள்கிறார். சென்ற மாதம் அண்மையில் எடுத்த காட்சி ஒன்றைக் காட்டியபோது, "யார் இந்தக் கிழவி?" என்று கேட்டு நெடுநேரம் அழுதார். அம்மாவின் மானத்தை நான் ஊருக்குக் காட்சியாக்குவதாக அண்ணன் கடிந்துகொள்கிறார். அன்று அம்மா தந்த சம்மதம் இன்றும் செல்லுமா?

ஒரு மகள்

அன்புள்ள சகோதரிக்கு,

முழுமையாகச் செல்லாது. அன்று அவர் சம்மதித்தது படத்தைத் தொடங்குவதற்கு. இன்று முகத்தை மூடும்போது, இந்தக் காட்சி வேண்டாம் என்கிறார். பேச்சு தடுமாறிய பிறகும் முகமும் கைகளும் மறுப்பைத் தெளிவாகவே சொல்லும் என்பதால், அந்த நொடியில் கேமராவை அணைத்துவிடுங்கள்.

அழுததையும் சற்று நேரத்தில் மறந்துவிடுவார் என்று எண்ணாதீர்கள். 2014-இல் அயோவா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் மறதிநோயின் ஒரு வகையான அல்சைமர் கண்ட நோயாளிகளுக்குச் சோகமான, மகிழ்ச்சியான திரைக்காட்சிகளைக் காட்டியபோது, பார்த்தது நினைவிலிருந்து நழுவிய பின்னரும் அது எழுப்பிய உணர்ச்சி நீடித்ததைக் கண்டார்கள். மனத்தளவில் இளமைக்காலத்தில் வாழ்பவருக்குத் தம் முதிய முகம் அந்நியமாகத் தோன்றக்கூடும். எனவே அண்மைக் காட்சிகளை அவருக்குக் காட்ட வேண்டாம்.

அண்ணன் சொல்வதில் பாதி சரி. படமெடுப்பதே இழிவு என்று நான் கருதவில்லை. அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் டெபோரா ஹாஃப்மன் 1994-இல் மறதிநோய் கண்ட தம் தாயைப் பற்றி எடுத்த ஆவணப்படத்தில், தாய் தவறாகச் சொல்வதைத் திருத்தித் திருத்திக் களைத்து, பின்னர் அதை விட்டுவிடும் மகளும் தாய்க்கு இணையாகத் தெரிகிறாள். உங்கள் படத்தில் நீங்கள் எங்கே இருக்கிறீர்கள்? அம்மா அழுதபோது கேமரா ஓடிக்கொண்டிருந்ததா என்பதை நீங்கள் எழுதவில்லை. குற்றம் சாட்டக் கேட்கவில்லை. வலியை நேரே பார்க்க முடியாதவர்கள் லென்ஸ் வழியாகப் பார்ப்பதுண்டு, அது ஓரளவு தாங்கும் வழியும்கூட. ஆயினும் கேமராவைப் பிடித்திருக்கும் கை அம்மாவைப் பிடிக்க முடியாது.

குளியல், உடை மாற்றுதல், சினம் மீறும் வேளைகள் ஆகியவற்றைப் படத்திலிருந்து நீக்கிவிட்டு, வெளியார் எவருக்கும் காட்டுமுன் அண்ணனை அருகில் அமர்த்திப் போட்டுக் காட்டுங்கள். அவர் எந்த இடத்தில் முகத்தைத் திருப்புகிறார் என்பதையும் கவனியுங்கள்.