சைகோன் தாத்தாவும் தூத்துக்குடி காரும்

கேள்வி: ஆசிரியர் சார், தூத்துக்குடியில வியட்நாம் கார் கம்பெனி பேக்டரி திறந்தப்போ டிவியில ஆளாளுக்கு ரெண்டாயிரம் வருஷ உறவுன்னு பேசுனாங்க. எங்க தாத்தா சைகோன்ல (இப்போ ஹோ சி மின் சிட்டி) பிரெஞ்சு கவர்மெண்ட் உத்தியோகம் பார்த்தவர், பாட்டி அங்கயே பொறந்தவங்க. எங்கள மாதிரி பாண்டிச்சேரி குடும்பங்கள பத்தி ஒருத்தர் கூட வாயத் திறக்கல. நியாயமா பாத்தா அந்த பேக்டரியே பாண்டிக்குத்தானே வந்திருக்கணும்?
– பேர் போட வேணாம்னு சொன்ன வாசகர், நெல்லித்தோப்பு

பதில்: கடைசி வரிய முதல்ல முடிச்சிடறேன் சார். வின்ஃபாஸ்ட் தூத்துக்குடிக்கு போனதுக்கு காரணம் துறைமுகமும் சிப்காட்ல கிடைச்ச 400 ஏக்கரும். 2024 பிப்ரவரில அடிக்கல் போட்டு 2025 ஆகஸ்ட்ல திறந்துட்டாங்க, முதல் கட்டத்துல வருஷத்துக்கு 50,000 வண்டி. நம்ம பாண்டில பெரிய துறைமுகத்த ஒட்டி 400 ஏக்கர் ஒரே இடத்துல காட்டுங்க பாப்போம், நடுவுல கடலூர் ஜில்லாவோ விழுப்புரம் ஜில்லாவோ மூக்க நுழைக்காம! தாத்தா அங்க இருந்தாருங்கறதுக்காக பேரனுக்கு எவனும் பேக்டரி கட்டித் தரமாட்டான்.

ஆனா நம்மள ஏன் யாரும் பேசலங்கறது நல்ல கேள்வி. மேடை ஏறுனா ரெண்டு கவர்மெண்டும் அந்த காலத்துல வியட்நாம் நடுப்பகுதிய ஆண்ட சம்பா ராஜ்ஜியம்பாங்க, புத்தர்பாங்க, அந்த சம்பா ராஜாக்கள் கட்டுன மி சன் கோயில்ல நம்ம தொல்லியல் துறை வேலை செஞ்சப்போ 2020ல கிடைச்ச 9ஆம் நூற்றாண்டு சிவலிங்கத்த காட்டுவாங்க. சௌகரியமான சொந்தம் அது, சம்பா ராஜா எந்திரிச்சு வந்து கணக்கு கேக்கப் போறதில்ல பாருங்க. நம்ம கதையில கணக்கு இருக்கு.

1859ல பிரெஞ்சுக்காரன் சைகோன புடிச்சான், 1862 ஒப்பந்தத்துல மூணு மாகாணம் அவன் கைக்கு போச்சு. புடிச்ச ஊர நடத்த பிரெஞ்சு தெரிஞ்ச ஆள் வேணுமே, அதுக்குத்தான் பாண்டிச்சேரிலேருந்தும் காரைக்கால்லேருந்தும் நம்மாளுங்க கப்பல் ஏறுனாங்க. 1881ல ஒரு ஆணை வந்துது, பரம்பரையா வர்ற சொந்த வழக்கச் சட்டத்த விட்டுடறேன்னு எழுதிக் குடுத்து புதுசா ஒரு குடும்பப் பேர் வெச்சிக்கிட்டா பிரெஞ்சு சிவில் சட்டத்துக்குள்ள வந்துடலாம். ரெனோன்சான்னு சொல்றோமே அவங்கதான் (லபோர்த் வீதில போறப்போ யோசிச்சிருக்கீங்களா, அது நம்ம வக்கீல் பொன்னுத்தம்பி பிள்ளை வெச்சிக்கிட்ட பேரு). அப்படி எழுதிக் குடுத்துட்டு போனவங்க சைகோன்ல பிரெஞ்சு குடிமகன்னு ஓட்டுப் போட்டாங்க, அந்த மண்ணுல பொறந்த சாதாரண வியட்நாம்காரனுக்கு அந்த ஓட்டு கிடையாது. சந்தையில வரி வசூல், போலீஸ், ஆபீஸ் குமாஸ்தா, எல்லாம் நம்மாளு. இன்னொரு பக்கம் செட்டிநாட்டுலேருந்து போன வட்டிக்கடை. நம்ம செட்டிங்கற வார்த்தையே வியட்நாம் பேச்சுல போய் வட்டிக்கு விடறவன்னு அர்த்தமாயிடுச்சு.

உங்க தாத்தாவ குறை சொல்லல சார், வயித்துப்பாட்டுக்கு கடல் தாண்டுன மனுஷன். ஆனா சந்தையில காய்கறி வித்த வியட்நாம்கார அம்மா கண்ணுல அவரு யாரு? பிரெஞ்சுக்காரனோட ரசீது புக்கு தூக்கிட்டு வர்ற ஆளு. இந்த கதைய ஹனோய் எந்த மேடையில சொல்லும், டெல்லி எந்த மேடையில சொல்லும்?

1954ஆம் வருஷத்த பாருங்க. மே 7 வட வியட்நாம்ல தியன் பியன் பூ சண்டையில பிரெஞ்சுக்காரன் தோத்தான். அக்டோபர் 17ஆம் தேதி நேரு ஹனோய்ல ஹோ சி மின்ன பாக்கறாரு. மறுநாள் 18ஆம் தேதி இங்க நம்ம கீழூர்ல 178 மக்கள் பிரதிநிதிங்க ஓட்டுக்கு கூடி 170 பேர் இந்தியாவோட சேரணும்னு சொல்றாங்க, நவம்பர் 1 நிர்வாகம் கைமாறுது. சைகோன்ல உக்காந்திருந்த பாண்டிக்காரன நினைச்சு பாருங்க, இருக்கற ஊரும் கைமாறுது பொறந்த ஊரும் கைமாறுது, கையில இருக்கறது பிரெஞ்சு பேப்பர் மட்டும். சில பேர் இங்க வந்தாங்க, சில பேர் பிரான்ஸ் போனாங்க, 1975 ஏப்ரல் 30 சைகோன் விழுந்ததும் மிச்சமிருந்தவங்கள்ல பெரும்பாலும் மூட்டை கட்டிட்டாங்க. டெல்லிக்கு அவங்க பிரெஞ்சுக்காரங்க, ஹனோய்க்கு பிரெஞ்சுக்காரனோட ஆளுங்க, பிரான்சுக்கு பென்ஷன் பைல் நம்பர். பைல் நம்பரா பாத்தாலும் சொல்தா பென்ஷன் (பிரெஞ்சு பட்டாளத்துல இருந்தவங்களுக்கு வர்றது) மாசா மாசம் குடுத்தது அவன்தான், அத ஒளிக்கக்கூடாது. ஜூலை 14 பிரெஞ்சு தேசிய தினத்துல கடற்கரை ரோட்டுல மெடல் குத்திக்கிட்டு நிக்கற பெருசுங்கள கேளுங்க.

ரெண்டு கவர்மெண்டுக்கு நடுவுல இருக்கற உறவு வேற லைன். 1972 ஜனவரில தூதரக உறவு, 1988லேருந்து நம்ம கவர்மெண்ட் எண்ணெய் கம்பெனி ஓஎன்ஜிசி விதேஷ் அங்க கடல்ல கேஸ் வேலையில இருக்கு, 2023ல ஐஎன்எஸ் கிர்பான்னு ஒரு போர்க்கப்பலையே சும்மா குடுத்தோம். பக்கத்து வீட்டுல சீனா உக்காந்திருக்கு, ரெண்டு பேருக்கும் அதே தலைவலி, அவ்ளோதான். இதுல உங்க தாத்தாவும் இல்ல என் தாத்தாவும் இல்ல.

நிஜமான வியட்நாம் உறவு பாக்கணும்னா பஸ் புடிச்சு பண்ருட்டி போங்க. முந்திரிப்பருப்பு ஏற்றுமதில உலகத்துலயே நாமதான் முதல்னு இருந்தோம், 2006 வாக்குல வியட்நாம் தாண்டிட்டான், அப்புறம் திரும்பியே பாக்கல. ரெண்டு பேருமே ஆப்பிரிக்காலேருந்து கொட்டை வாங்கித்தான் உடைக்கறோம் (2011 ‘தானே’ புயல்ல கடலூர் ஜில்லா முந்திரித் தோப்பு சாஞ்ச கதை தெரியும்ல). அவன் உடைக்க மெஷின் போட்டான், இங்க பொம்பளைங்க கையில கொட்டைத் தோல் எண்ணெய் பட்டு விரல் கருத்து புண்ணாகி கிலோ கணக்குல கூலி வாங்கிட்டிருந்தாங்க. 2019 பட்ஜெட்ல வெளிநாட்டு பருப்புக்கு வரிய 70 சதவீதமா ஏத்துனாங்க, சரி, உள்ளூர் கடைக்கு ஒரு வேலி. அமெரிக்காக்காரன் வாங்கறதுக்கு நம்ம வரி என்ன பண்ணும்? சைகோன் சொந்தம் பேசற நாம அவன் மெஷின போய் பாத்துட்டு வர நாலு முந்திரி வியாபாரிய அனுப்பலாமேன்னு எந்த எம்எல்ஏவாவது கேட்டாரா? 2023ல திருச்சிலேருந்தே சைகோனுக்கு நேரா பிளைட் விட்டான் சார், கப்பல்ல நாள் கணக்குல வாந்தி எடுத்துட்டு போன ஊரு.

அங்க பென் தான் மார்க்கெட் பக்கத்துல மாரியம்மன் கோயில் இன்னும் இருக்கு, தமிழாளு குறைஞ்சு போயும் வியட்நாம்காரங்க ஊதுபத்தி ஏத்தி கும்பிடறாங்க. நாம குடுத்த கறிய காரின்னு பேர் வெச்சு ரொட்டியோட சாப்பிடறான். பதிலுக்கு நமக்கு வந்தது நெம், கறி உள்ள வெச்சு சுருட்டி பொரிக்கற வியட்நாம் பலகாரம். முத்தியால்பேட்டைல சின்ன வயசுல ஒரு சைகோன் வீட்டு கல்யாணத்துல சாப்பிட்டது இன்னும் நாக்குல இருக்கு, இப்போ ஓட்டல்ல ஸ்பிரிங் ரோல்னு போடறான் பாருங்க, அதுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல.

உங்க வீட்டு பரண்ல தாத்தாவோட சம்பள சீட்டு, போட்டோ, லெட்டர் எது இருந்தாலும் கறையான் சாப்பிடறதுக்குள்ள எடுத்துட்டு ஆபீசுக்கு வாங்க, வர்ற பொங்கல் மலர்ல நாலு பக்கம் ஒதுக்கறேன். ரசீது புக்கு இருந்தா அதையும் சேத்துத்தான் போடுவேன், இப்பவே சொல்லிட்டேன். பாட்டி கைப்பக்குவம் வீட்டுல யாருக்காவது வந்திருந்தா நெம் ஒரு டஜன்.