மேல்முறையீட்டில் ஒரு புதிய சாட்சி

வணக்கம். என் சித்தப்பா மகனுக்குக் கொலை முயற்சி வழக்கில் செஷன்ஸ் கோர்ட் தண்டனை கொடுத்துவிட்டது. சம்பவம் நடந்த நேரத்தில் அவன் வேலை செய்யும் பட்டறையில் இருந்தான். பட்டறை முதலாளிக்கு அது தெரியும். ஆனால் அவரை யாரும் சாட்சியாக அழைக்கவில்லை. இப்போது உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு. "இனிமேல் சாட்சி கூப்பிட முடியாது, ரிக்கார்டில் இருப்பதை வைத்துத்தான் வாதாட முடியும்" என்கிறார் வக்கீல். தாமதமாக வந்தால் உண்மை செல்லாதா?

(பெயர் வேண்டாம் என்று கேட்டுக்கொண்ட வாசகர்)

அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் வக்கீல் சொன்னது வழக்கமாக நடப்பது. ஆனால் சட்டத்தில் ஒரு வழி இருக்கிறது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 391-வது பிரிவு. 2024 ஜூலை 1-இல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் அது 432. (மனுவில் எந்த எண் என்பதை வக்கீல் பார்த்துக்கொள்ளட்டும்.) கூடுதல் சாட்சியம் தேவை என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் கருதினால், காரணத்தை எழுதிவைத்து, தானே விசாரிக்கலாம், கீழ் நீதிமன்றத்தை விசாரித்து அனுப்பவும் சொல்லலாம்.

முதல் கேள்வி, "அப்போதே ஏன் கூப்பிடவில்லை?" என்பதுதான். 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றத்துக்கு ஒரு காசோலை வழக்கு வந்தது. கையெழுத்து தன்னுடையதல்ல, நிபுணரிடம் அனுப்புங்கள் என்று மேல்முறையீட்டில் ஒருவர் கேட்டார். விசாரணையில் இதே கோரிக்கை தள்ளுபடியானபோது அவர் அதை எதிர்த்து மேலே போகவில்லை. வங்கி அதிகாரி கூண்டில் நின்றபோதும் கையெழுத்தைப் பற்றிக் கேட்கவில்லை. உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. எனக்கு அதில் குறை தெரியவில்லை.

ஆனால் பெஸ்ட் பேக்கரி வழக்கைப் பாருங்கள். 2002 மார்ச்சில் வதோதராவில் 14 பேர் கொல்லப்பட்ட வழக்கு. சாட்சிகள் பிறழ்ந்தார்கள், 21 பேரும் விடுதலையானார்கள். கூடுதல் சாட்சியம் வேண்டும் என்ற கோரிக்கையை குஜராத் உயர் நீதிமன்றம் ஏற்கவில்லை. 2004 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அதைக் கடுமையாகக் கண்டித்து, மகாராஷ்டிரத்தில் மறுவிசாரணை நடத்தச் சொன்னது. அங்கே சாட்சிகள் பயந்திருந்தார்கள் என்பதற்கு அடிப்படை இருந்தது. ஆக, நீதிமன்றம் முக்கியமாகப் பார்ப்பது தாமதத்துக்கான காரணத்தை.

உங்கள் தம்பி விஷயத்தில் காரணம் வக்கீலின் கவனக்குறைவு என்றால் சிக்கல்தான். வக்கீலை மாற்றியது மட்டும் போதாது என்று, விசாரணைக் கட்டத்திலேயே சாட்சிகளைத் திரும்ப அழைக்கக் கேட்ட ஒரு டெல்லி வழக்கில் 2015-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. காசோலை கொடுத்த வியாபாரிக்கு இந்தக் கண்டிப்பு நியாயம். சிறையில் இருந்தபடி, தன் வக்கீலை நாலு நிமிஷம்கூடப் பார்க்க முடியாதவனிடமும் அதே கண்டிப்பைக் காட்டுவது சரியில்லை என்பது என் கட்சி. கனடா உச்ச நீதிமன்றம் பாமர் (Palmer) என்பவரின் வழக்கில், சாட்சியத்தை விசாரணையிலேயே கொண்டுவந்திருக்க வேண்டும் என்ற விதியை, சிவில் வழக்கு அளவுக்குக் குற்ற வழக்கில் கறாராகப் பிடிக்கக் கூடாது என்றது. நம் நீதிமன்றங்களும் அந்தப் பக்கம் கொஞ்சம் நகரலாம்.

சரி, நீங்கள் செய்ய வேண்டியது. விசாரணை முடிவில் நீதிபதி குற்றம் சாட்டப்பட்டவரை நேரடியாகக் கேள்வி கேட்பார், பழைய சட்டத்தில் 313-வது பிரிவு. அப்போது உங்கள் தம்பி "நான் பட்டறையில் இருந்தேன்" என்று சொன்னாரா? அந்தப் பதிவை வாங்கிப் படியுங்கள். சொல்லியிருந்தால் மனுவுக்கு நல்ல பிடிமானம். சொல்லவில்லை என்றால், தண்டனைக்குப் பிறகு யோசித்த கதை என்று அரசுத் தரப்பு அடித்துவிடும்.

மனுவை இறுதி வாதம் வரைக்கும் தள்ளிப்போடாதீர்கள். அப்புறம் பட்டறை முதலாளியிடம் பேசுங்கள். அவர் குறுக்கு விசாரணையில் நிற்க வேண்டும், "இத்தனை நாள் ஏன் வாயைத் திறக்கவில்லை?" என்ற கேள்வி கட்டாயம் வரும். அவரிடம் வருகைப் பதிவேடோ, அந்த நாள் கூலிக் கணக்கோ இருக்கிறதா என்று முதலில் கேளுங்கள்.