விடிகாலையும் எழுத்தும்: மும்பைத் தமிழர்களின் கேள்விகளுக்குப் பதில்கள்

கேள்வி (டோம்பிவிலி): 7:20 லோக்கலைப் பிடிக்க வேண்டியவன் நான். ஐந்து மணிக்கு எழுந்தும் தியானம், நடை, செய்தித்தாள் என்று பொழுது போய்விடுகிறது, கதை நகரவில்லை.

பதில்: நானும் முப்பது ஆண்டுகள் அந்தத் தடத்தில் வேலைக்குப் போனவன்தான். நீங்கள் சொல்பவை நல்ல பழக்கங்களே என்றாலும், அவை முடிந்த பின் எழுதலாம் என்று வைத்திருக்கும்வரை எழுத்துக்கு மிச்சம்தான் கிடைக்கும். பல் துலக்கியதும் நோட்டை எடுங்கள். பிரிட்டிஷ் அஞ்சல் துறையில் பணியாற்றிக்கொண்டே நாவல்கள் எழுதிய ஆந்தனி ட்ராலப், காலை 5:30 மணிக்கு மேசையில் அமர்ந்து, முதல் அரை மணி நேரம் முன்பு எழுதியதைப் படித்துவிட்டு, பிறகு கடிகாரத்தை எதிரே வைத்துக் கால் மணி நேரத்துக்கு 250 சொற்கள் வீதம் எழுதியதாகத் தன் சுயசரிதையில் சொல்கிறார். அந்த வேகத்தில் பாதிகூட எனக்கு வந்ததில்லை. அவரிடம் நான் எடுத்துக்கொண்டது அந்த மறுவாசிப்பை மட்டுமே. அதோடு, முந்தைய நாளே ஒரு வாக்கியத்தைப் பாதியில் விட்டுவைத்தால், காலையில் எங்கே தொடங்குவது என்று தவிக்க வேண்டியிருக்காது.

கேள்வி (செம்பூர்): குழாயில் தண்ணீர் வரும் நேரம்தான் என் காலைப்பொழுது. எப்போது எழுதுவது?

பதில்: அப்போதேதான். டிரம் நிரம்பும்வரை சமையல் மேடையில் நோட்டை வைத்து நான்கு வரி எழுதுங்கள். கைபேசியில் எழுத வேண்டாம். வாட்ஸ்அப்பில் வந்து குவிந்திருக்கும் காலை வணக்கங்களைப் பார்த்து முடிப்பதற்குள் டிரம் வழிந்துவிடும்.

கேள்வி (தாராவி, மாணவர்): ஒரே அறையில் ஐந்து பேர் உறங்குகிறோம், விளக்குப் போட முடியாது. அதிகாலையில்தான் எழுத வேண்டுமா?

பதில்: வேண்டியதில்லை. ஜனவரியில் மும்பையில் ஏழு மணிக்குப் பிறகுதான் சூரியனே உதிக்கிறது. உறக்கத்தைக் குறைக்காமல், கல்லூரிக்கு அரை மணி நேரம் முன்னதாகப் போய், ஆளில்லாத வகுப்பறையில் அமர்ந்து எழுதுங்கள்.

கேள்வி (மாட்டுங்கா): மூன்று ஆண்டுகளாகத் தினமும் எழுதுகிறேன். இன்னும் செம்மைப்படுத்த வேண்டும் என்று எதையும் இதழ்களுக்கு அனுப்பவில்லை.

பதில்: உங்களுக்குக் காலை ஒழுங்கு அமைந்துவிட்டது, அனுப்பும் துணிவுதான் இல்லை. சனிக்கிழமைக் காலையில் எழுதாதீர்கள். ஒரு கதையை எடுத்து, இதழின் சொல் வரம்பைப் பார்த்து, யூனிகோடில் தட்டச்சு செய்து மின்னஞ்சலில் அனுப்பிவிட்டு, தேதியை நாட்காட்டியில் குறியுங்கள். ஒரே கதையை இரண்டு இதழ்களுக்கு ஒரே சமயத்தில் அனுப்ப வேண்டாம். மூன்று மாதத்தில் பதில் வராவிட்டால், திரும்பப் பெறுவதாக ஒரு வரி எழுதிவிட்டு அடுத்த இதழுக்கு அனுப்புங்கள்.