கிலாரின் எளிமை: ஒரு கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

போலந்து இசையமைப்பாளர் வோய்செக் கிலாரைப் பற்றித் தாங்கள் எழுதியதைப் படித்தபின் ‘தி பியானிஸ்ட்’ படத்தை மீண்டும் பார்த்தேன். அதில் ஒலிப்பது பெரும்பாலும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் பியானோ மேதை சோப்பானின் இசையே. கச்சேரி மேடையில் புதுமைகள் செய்த கிலார், பிழைப்புக்காகத் திரைக்கு வந்து தம் கலையை நீர்த்துப்போக விட்டார் என்கிறார் என் நண்பர். தாங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

‘தி பியானிஸ்ட்’ (2002) பற்றித் தாங்கள் சொல்வது சரி. அப்படத்தில் கிலாரின் பங்கு மிகக் குறைவு. ஆனால் வார்சாவின் யூதர்கள், நாஜிகள் தங்களை அடைத்துவைத்த கெட்டோ பகுதிக்குப் பெயரும் இடத்தில் ஒலிக்கும் அந்தக் கிளாரினெட் மெட்டு, பியானோவால் அங்கே சொல்ல முடியாததைச் சொல்கிறது. பிரான்சின் சேசர் விருது அப்படத்தின் இசைக்காக அவருக்கு வழங்கப்பட்டதில் எனக்கு வியப்பில்லை.

தங்கள் நண்பரின் கருத்தை என்னால் ஏற்க இயலவில்லை. காலவரிசையே அதற்கு எதிராக இருக்கிறது. அன்று போலந்திலும் இன்று உக்ரைனிலும் உள்ள லிவிவ் நகரில் 1932இல் பிறந்து, போருக்குப்பின் காத்தோவித்சேயில் இசை பயின்று, பாரிசில் இசை ஆசிரியை நாதியா புலான்ஷேயிடமும் பாடம் கேட்டுத் திரும்பிய கிலார், பென்தெரெட்ஸ்கி, குரெட்ஸ்கி ஆகிய இசையமைப்பாளர்களுடன் போலந்தின் புதிய இசையின் முன்வரிசையில் நின்ற அதே ஆண்டுகளில்தான் திரைப்படங்களுக்கும் எழுதிக்கொண்டிருந்தார். ஒன்றைக் கைவிட்டு மற்றொன்றுக்கு அவர் வரவில்லை. 1969இல் மட்டும், போலந்து இயக்குநர் ஸனூசியின் முதல் முழுநீளத் திரைப்படத்துக்கும், போலந்து வீடுகளில் இன்றும் பாடப்படும் முகப்புப் பாடலைக் கொண்ட ‘பான் மிஹாவின் சாகசங்கள்’ என்ற தொலைக்காட்சித் தொடருக்கும் இசையமைத்தார்.

என் துணிபு நண்பரின் கூற்றுக்கு நேர்மாறானது. ஒரு காட்சிக்கு எத்தனை சுரங்கள் போதும் என்பதைத் திரையில் ஆண்டுக்கணக்கில் சோதித்துப் பார்த்த மனம்தான், 1974இல் ‘க்ஷெசானி’ என்ற இசைக்குழுப் படைப்பை எழுதியது. போலந்தின் தாத்ரா மலையக ஃபிடில் கலைஞர்களின் முரட்டு இசையை ஒரு முழு ஆர்கெஸ்ட்ராவுக்குள் கொண்டுவந்த அதை, அன்றைய நவீனவாதிகளுக்கு நடுவே எழுதத் துணிவு வேண்டும். மறு ஆண்டே போலந்து இயக்குநர் வைதாவின் ‘வாக்களிக்கப்பட்ட பூமி’ வந்தது. வூச் நகரத்து நூற்பாலைகளைப் பற்றிய அப்படத்தில், இயந்திரங்களின் ஓயாத துடிப்பும் முதலாளிகளின் களிப்பும் அவர் இசையில் ஒன்றாகச் சேர்ந்து அச்சுறுத்துகின்றன. அமெரிக்க இயக்குநர் கொப்போலாவின் ‘டிராகுலா’வில் (1992) தாழ்சுருதித் தந்திகளில் அடியெடுத்து வரும் அந்தச் சில சுரங்கள், திரும்பத் திரும்ப வந்தே வலுப்பெறுவதைக் கவனியுங்கள், ஒரே வாக்கியத்தை விடாமல் சொல்லும் இந்தப் பிடிவாதம் அவருடைய மேடைப் படைப்புகளிலும் உண்டு.

வைதாவின் ‘பான் ததேவுஷ்’ (1999) படத்துக்கு அவர் எழுதிய பொலொனேஸ் நடன இசைக்கு, போலந்து மாணவர்கள் பள்ளியிறுதித் தேர்வுக்கு ஏறத்தாழ 100 நாட்களுக்கு முன் நடக்கும் விழாவில் இணையிணையாக ஆடுகிறார்கள். திரைக்கென எழுதிய ஒன்று இப்படி ஒரு தேசத்தின் சடங்கில் இடம்பெறுவதைக் கலையின் வீழ்ச்சி என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

தங்கள் நண்பருக்கு முதலில் ‘க்ஷெசானி’யையும், அதைத் தொடர்ந்து ‘டிராகுலா’வின் தொடக்க இசையையும் போட்டுக் காட்டுங்கள். அதன்பின்னும் அவர் கருத்து மாறாவிட்டால், அவரையே எனக்கு எழுதச் சொல்லுங்கள்.

அன்புடன்.