ஊழினிக்கு என்ன படைப்பார்கள்?

அன்புள்ள ஆசிரியருக்கு,

சில வருடங்களாக ஒரு மிகுபுனைவு நாவல் எழுதி வருகிறேன். அந்த உலகத்தில் காலத்துக்கும் நினைவுக்கும் சேர்த்து ஒரே தெய்வம், பெயர் ஊழினி. நடந்தது, நடக்கப்போவது எல்லாம் அவளுக்குத் தெரியும். அவளுடைய வாகனம், ஆயுதம், நிறம், சக்திகள் எல்லாவற்றையும் பட்டியலாக இணைத்திருக்கிறேன். எல்லாம் தெரிந்த தெய்வம் இருந்தால் கதையில் விறுவிறுப்பு எப்படி வரும்? அவள் சக்திக்கு எப்படி எல்லை வைப்பது? நண்பர்கள் ஒவ்வொரு முறையும் அவள் ஒரு விலை கொடுக்க வேண்டும் என்கிறார்கள்.

இதை எழுதலாமா தெரியவில்லை. என் பாட்டிக்கு இப்போது என்னை அடையாளம் தெரிவதில்லை. இறந்துபோன தன் தம்பியின் பெயரைச் சொல்லி என்னைக் கூப்பிட்டு, சாப்பிட்டாயா என்று கேட்கிறார். ஊழினி மனதில் வந்தது அந்த நாட்களில்தான்.

அன்புடன்,
ச.

அன்புள்ள ச.,

கடைசியில் தயங்கித் தயங்கி எழுதியிருக்கிறீர்களே, அந்த நாலு வரிக்காகத்தான் இந்தப் பதில். அது இல்லாவிட்டால் எழுதியிருக்க மாட்டேன்.

சக்திக்கு எல்லை வைப்பதெல்லாம் ஒரு பிரச்சினையே இல்லை. விலை கொடுப்பது என்பது விளையாட்டு மென்பொருளில் வரும் கணக்கு, அதை விட்டுவிடுங்கள். நம்மிடம் சித்திரகுப்தன் இருக்கிறார், காஞ்சிபுரத்தில் கோயிலே இருக்கிறது. எதையும் மறக்காத கணக்கர். சித்ரா பௌர்ணமியன்று அவரிடம் என்ன வேண்டிக்கொள்கிறார்கள்? மலையளவு பாவத்தைக் கடுகளவாக எழுது, கடுகளவு புண்ணியத்தை மலையளவாக எழுது என்று. எல்லாம் தெரிந்தவரிடம் போய், கொஞ்சம் மாற்றி எழுதுங்கள் என்று கெஞ்சுகிறார்கள். நீங்கள் கேட்கிற விறுவிறுப்பு அங்கே இருக்கிறது. அவருடைய சக்தியில் யாரும் கை வைக்கவில்லை, வேண்டிக்கொள்ள ஆள் வந்தார்கள், அவ்வளவுதான்.

உங்கள் பட்டியலை முழுக்கப் படித்தேன். கோபம்தான் வந்தது. வாகனம் இருக்கிறது, ஆயுதம் இருக்கிறது, எந்தக் கண்ணில் எந்தக் காலம் தெரியும் என்பதுவரை இருக்கிறது. அவளைக் கும்பிடுகிறவன் ஒருவன்கூட இல்லை. பூசாரி யார், என்ன படைப்பார்கள், எந்த நாளில் அவள் பெயரைச் சொல்லக் கூடாது என்று எதுவும் இல்லை. இவ்வளவு காலம் ஒரு தெய்வத்தோடு இருந்துவிட்டு அவளுக்கு ஒரு பிடி சோறு வைக்க உங்களுக்குத் தோன்றவில்லையே.

கிரேக்கர்களின் நினைவுத் தெய்வம் நெமோசினி. ஒன்பது கலைத்தேவியரின் தாய் என்று பழைய கிரேக்கக் கவிஞர் ஹெசியட் பாடுகிறார். அது வம்சாவளி, அதில் எனக்குப் பெரிய ஈடுபாடு இல்லை. ஆனால் லெபடேயா என்ற கிரேக்க ஊரில் குறி கேட்கப் போகிறவர்களுக்கு என்ன நடந்தது என்று கி.பி. 2-ஆம் நூற்றாண்டில் பாசேனியஸ் என்ற பயணி எழுதி வைத்திருக்கிறார், அவரே அங்கே குறி கேட்டவர். முதலில் மறதியின் நீரைக் குடிக்க வேண்டும், அதுவரை மனதில் இருந்ததெல்லாம் போக. அப்புறம் நினைவின் நீர், குறி கேட்கும் குழிக்குள் காணப்போவது மனதில் தங்க. வெளியே வந்ததும் நினைவின் நாற்காலி என்ற ஆசனத்தில் உட்காரவைத்து, கண்டது என்ன, கேட்டது என்ன என்று பூசாரிகள் விசாரிப்பார்கள். இத்தாலியின் தென்கோடியில் 1969-ல் ஒரு பெண்ணின் கல்லறையிலிருந்து ஒரு சின்னப் பொன் தகடு கிடைத்தது. ஏறத்தாழ 2400 ஆண்டுப் பழையது. இறந்தவள் மறு உலகத்துக்குப் போய் என்ன சொல்ல வேண்டும் என்று அதில் எழுதியிருக்கிறது: தாகத்தால் சாகிறேன், நினைவின் ஏரியிலிருந்து குளிர்ந்த நீர் கொடுங்கள். அந்தத் தெய்வத்தின் ஆயுதம் என்ன என்று நீங்கள் கேட்பீர்களா இப்போது?

கொஞ்ச நாளாக இதே நினைப்பில்தான் இருக்கிறேன், காரணம் எங்கள் குலதெய்வம். அது ஒரு கல். தேய்ந்த ஓர் ஆள் உருவம், கையில் கத்தியோ கம்போ. பெயர் கிடையாது, ஐயா என்போம். உப்பில்லாத சோறும் கருவாடும் படைத்து, முதல் பிடியைத் திரும்பிப் பார்க்காமல் முதுகுக்குப் பின்னால் போட வேண்டும். ஏன் என்று பெரியம்மாவிடம் கேட்டிருக்கிறேன். "எங்க மாமியா போட்டாங்க, நான் போடுறேன்" என்றார். அவருக்கு அதற்கு மேல் ஒன்றும் வேண்டியிருக்கவில்லை. யாரோ ஒருவன் எதற்காகவோ செத்திருக்கிறான், அவனுக்குப் பின்னால் யாரோ பசியோடு நின்றிருக்கிறார்கள். கதை போய்விட்டது, பிடி சோறு போகவில்லை. இப்போது அங்கே கட்டடம் எழுப்பி, ஓடு பதித்து, தல வரலாறு என்று ஒரு பலகை வைத்திருக்கிறார்கள். ஐயா சிவனுடைய வியர்வையில் பிறந்தவராம், இன்ன ஆயுதமாம், இன்ன வரம் தருவாராம். கருவாடு கூடாது என்று நிறுத்திவிட்டார்கள், முதுகுக்குப் பின்னால் போடுகிற சோறும் நின்றுவிட்டது. அந்தப் பலகையைப் படித்த எரிச்சல் தீர்வதற்குள் உங்கள் பட்டியல் வந்தது. இரண்டும் ஒரே மாதிரி இருந்தன, ச. அதனால்தான் இவ்வளவு திட்டுகிறேன்.

சண்டையில் செத்தவனுக்கு நடுகிற கல்தான் நடுகல். அதற்குத் தொல்காப்பியம் சொல்லும் ஆறு துறைகளை எடுத்துக்கொள்ளுங்கள். காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுகல், பெரும்படை, வாழ்த்து. கல்லைத் தேடிக் காண்கிறார்கள், எடுத்து வருகிறார்கள், நீராட்டுகிறார்கள், நடுகிறார்கள், படைக்கிறார்கள், வாழ்த்துகிறார்கள். செத்தவனுக்கு இதில் ஒரு வேலையும் இல்லை. அத்தனையும் உயிரோடு இருக்கிறவர்கள் செய்வது, தெய்வம் அப்படித்தான் உண்டாகிறது. தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் 2006-ல் தமிழின் மிகப் பழைய எழுத்தான தமிழ்ப் பிராமி பொறித்த நடுகற்கள் கிடைத்தன. கூடலூரில் மாடுகளைக் கவர நடந்த ஆநிரைச் சண்டையில் விழுந்த அந்தவன் என்பவனின் பெயர் அப்படியே இருக்கிறது ஒன்றில். இரண்டாயிரம் ஆண்டுக்கு முந்தையவன். எழுத்து அவன் பெயரைக் காப்பாற்றிவிட்டது, ஆனால் இவன் எங்கள் ஐயா என்று சொல்லிக்கொண்டு வர யாரும் இல்லை. எங்கள் ஐயாவுக்குப் பெயர் இல்லை, பெரியம்மா இருந்தார். உங்கள் ஊழினி இவர்களில் யாருடைய தெய்வம்? பெயர் மிஞ்சியவர்களுக்கா, சோறு மிஞ்சியவர்களுக்கா? இதைத் தீர்மானிக்காமல் ஒரு வரிகூட மேலே போகாதீர்கள்.

உங்கள் பாட்டிக்கு உங்கள் பெயர் போய்விட்டது. சாப்பிட்டாயா என்கிற கேள்வி போகவில்லை. அந்தத் தம்பியின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் திருத்தாதீர்கள், சாப்பிட்டேன் அக்கா என்று சொல்லுங்கள். முடிந்தால் அவர் பக்கத்தில் உட்கார்ந்தே சாப்பிடுங்கள். உங்கள் தெய்வம் எங்கிருந்து வந்தாள் என்று உங்களுக்கே தெரிந்திருக்கிறது, தெரிந்தும் அதைக் கடிதத்தின் அடியில் ஒளித்துவிட்டு ஆயுதங்களை முன்னால் அடுக்கியிருக்கிறீர்கள்.

பட்டியல் இனி வேண்டாம். ஊழினிக்குக் கொடைவிழா நடக்கிற நாளை மட்டும் எழுதி அனுப்புங்கள். பூசாரி எந்தக் குடும்பம், முதல் பிடி யாருக்கு, எதைப் படைக்கக் கூடாது, பேரனின் பெயரை மறந்துவிட்ட ஒரு கிழவியை அன்றைக்கு எங்கே உட்காரவைப்பார்கள். படித்துவிட்டு எழுதுகிறேன்.